செங்காந்தள்: ஒரே கிழங்கில் விஷமும் மருந்தும்

குளிர்நாட்டுக் காடுகளில் எரித்ரோனியம்னு ஒரு லில்லி உண்டு. வசந்தத்தில், மேலே மரங்கள் இலை விட்டு வெயிலை மறைக்கிறதுக்குள்ள, அவசரமாப் பூத்து முடிச்சுடும். மீதி மாதங்கள் மண்ணுக்குள் கிழங்காத் தூங்கும்.

நம்ம ஊரில் இதுக்குச் சொந்தக்காரன் செங்காந்தள். இங்கே நெருக்கடி வெயிலுக்கு இல்லை, தண்ணிக்கு. கோடையில் கொடி காய்ஞ்சு காணாமல் போகும். மழை விழுந்ததும் கிழங்கு முளைச்சு, வேலியைப் பிடிச்சு ஏறி, ஐப்பசி கார்த்திகையில் பூக்கும். ஏறுறதுக்குத் தனிக் கொம்பு கிடையாது, இலை நுனியே சுருண்டு பற்றிக்கொள்ளும். இதழ் முதலில் பச்சை, அப்புறம் மஞ்சள், கடைசியில் நெருப்புச் சிவப்பு.

எங்க நெட்டப்பாக்கத்தில் இருந்து கொஞ்ச தூரம் போனாலே தமிழ்நாட்டு எல்லை. அங்கே இதுதான் மாநிலப் பூ. இந்தப் பக்கம் புதுச்சேரிக்கு நாகலிங்கம். செடிக்கு எல்லை தெரியாது!

லின்னேயஸ் 1753-இல் இதுக்கு வச்ச பெயர் குளோரியோசா சூபர்பா. ரொம்ப நாள் லில்லி குடும்பத்தில் இருந்தது. இப்போ பிரிச்சு கொல்சிக்கேசியே குடும்பத்தில் வச்சிருக்காங்க. அந்தக் குடும்பப் பெயரோடு ஒட்டி வருவதுதான் இதிலுள்ள கொல்சிசின் என்கிற நஞ்சு.

கொல்சிசின் செல்கள் பிரிவதைத் தடுக்கும். உடம்பில் வேகமாகப் பிரியும் செல்கள் எங்கே இருக்கு? குடல் சுவர், எலும்பு மஜ்ஜை, முடி வேர். அதனால்தான் கிழங்கைத் தின்றவர்களுக்குச் சில மணி நேரத்தில் கடும் வாந்தி, வயிற்றுப்போக்கு. அடுத்து ரத்த அணுக்கள் குறையும். பிழைத்தவர்களுக்கு ஒன்றிரண்டு வாரத்தில் முடி கொட்டும். பலர் பிழைப்பதில்லை.

ஆபத்து எங்கே இருக்குன்னா, கிழங்கு பார்க்க சர்க்கரைவள்ளி மாதிரி. வளைந்த வடிவத்தால் கலப்பைக் கிழங்கு என்றும் பெயர். இலங்கையில் 'நியங்கலா' என்றால் விஷக் கிழங்கு என்று எல்லோருக்கும் தெரியும். அங்கே தவறுதலாகத் தின்றும், தற்கொலைக்காகவும் மரணங்கள் நடந்திருக்கு.

அதே கொல்சிசின்தான், மிகச் சிறிய அளவில், யூரிக் அமிலத்தால் வரும் மூட்டுவலிக்கு மருந்து. மூலனூர், ஒட்டன்சத்திரம் பக்கம் விதைக்காகவே கண்வலிக்கிழங்கு என்ற பெயரில் பயிரிடுறாங்க. சூலகத் தண்டு பக்கவாட்டில் மடங்கி, மகரந்தத்தை விட்டு விலகி நிற்கிறதால, பூ பூவாகக் கையாலேயே மகரந்தம் தொட்டு வைக்கணும். மருந்துக்கும் நஞ்சுக்கும் நடுவில் இடைவெளி ரொம்பக் குறுகல். அளவை டாக்டர்தான் சொல்லணும், கைவைத்தியத்துக்கு இது ஆகாது.

உங்க வேலியில் இருந்தா பிடுங்கி எறியணும்னு நான் சொல்லமாட்டேன். கிழங்கைத் தோண்டாதீங்க. வேலியோரம் கிடைச்ச பெயர் தெரியாத கிழங்கை வேக வைக்காதீங்க. பிள்ளைகளுக்குப் பூவோட அழகைக் காட்டும்போதே கிழங்கைப் பற்றியும் சொல்லிக் கொடுங்க. யாராவது தின்னுட்டா, வாந்தி வரட்டும்னு காத்திருக்காமல் உடனே ஆஸ்பத்திரி. கிழங்கில் ஒரு துண்டையும் கையோடு எடுத்துட்டுப் போங்க. எதைத் தின்றார் என்று டாக்டருக்கு முதல் நிமிஷத்திலேயே தெரிஞ்சுடும்.