நூறு லட்சம் கடனுக்கு இருநூற்று எண்பத்தொரு லட்சம்



இந்த மாத உரைக்கு வீட்டுக் கடன் என்ற பொருளை எடுத்துக்கொண்டேன். நம் நேயர்களில் பெரும்பாலோர் அகதிகளாக வந்த குடும்பங்களைச் சேர்ந்தவர்கள். எங்கள் குடும்பம் 1965இல் ரங்கூனிலிருந்து கப்பலேறி வந்தது. அதற்கு முந்தைய ஆண்டு மே 17ஆம் தேதி, 50 சாட், 100 சாட் நோட்டுகள் இனிச் செல்லாது என்று பர்மா அரசு அறிவித்துவிட்டது. நோட்டாகச் சேர்த்து வைத்திருந்தவர்கள் ஒரே நாளில் வெறுங்கையானார்கள். அப்படிப்பட்ட வீடுகளில் வளர்ந்த பிள்ளைகளுக்குச் சொந்த வீடு என்றால் ஒரு தனிப் பசி உண்டு. எவனும் வந்து "வெளியே போ" என்று சொல்ல முடியாத நாலு சுவர் வேண்டும் என்ற பசி. அந்தப் பசியோடு கடன் பத்திரத்தில் கையெழுத்துப் போடும்போது நாம் ஒரே ஒரு கேள்விதான் கேட்கிறோம்: மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?

கூட்டுறவுச் சங்கம் ஒன்றில் கணக்கராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். முப்பது வருடத்தில், "கடைசியில் மொத்தம் எவ்வளவு கட்டியிருப்பேன்?" என்று என்னிடம் கேட்டவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம்.

2018 மழைக்காலத்தில் யாங்கோனிலிருந்து என் சித்தி மகள் போன் செய்தாள். சித்தி அங்கேயே வாழ்க்கைப்பட்டவர், எங்களோடு வரவில்லை. தங்கை இருப்பது லைங் தாயாவில். இங்குள்ள இளையவர்களுக்கு அந்த இடம் தெரிந்திருக்காது. லைங் ஆற்றுக்கு மேற்கே, பத்தேன் போகும் சாலையில், ஒரு காலத்தில் வயலாகக் கிடந்த பகுதி. 1980களின் பிற்பகுதியிலிருந்து புதுநகராக வளர்ந்தது. தொழிற்பேட்டைகள் வந்தன, தையல் ஆலைகள் வந்தன. 2008 நர்கீஸ் புயலில் டெல்டாவில் எல்லாம் இழந்தவர்கள் பிழைப்புத் தேடி அங்கே வந்தார்கள். 2014 கணக்கெடுப்பில் அந்த ஒரு நகரியத்தில் மட்டும் 6,87,867 பேர். ஒரு பக்கம் மதில் சுவரும் கோல்ஃப் மைதானமும் வைத்த பணக்காரக் குடியிருப்பு, மறுபக்கம் வாய்க்கால் ஓரத்தில் மூங்கில் குடிசைகள். இரண்டுக்கும் நடுவில் தங்கையைப் போன்றவர்கள். அவள் தையல் ஆலையில் மேற்பார்வையாளர், மாப்பிள்ளைக்கு லாரி பழுது பார்க்கும் பட்டறை.

"அண்ணே, ஒரு வீடு அமைஞ்சிருக்கு. நூறு லட்சம் குறையுது. ரெண்டு இடத்துல கடன் தர்றாங்க. கட்டிக் கொடுக்குற கம்பெனிக்காரங்க எட்டு வட்டிங்கிறாங்க, பத்து வருசம். பேங்க்ல பதிமூணுங்கிறாங்க. எட்டுதானே அண்ணே சல்லிசு?"

வங்கிகள் அடமானக் கடனுக்கு 13 சதவீதத்துக்கு மேல் வாங்கக்கூடாது என்பது அப்போது பர்மா மத்திய வங்கி வைத்திருந்த வரம்பு. அங்கே நீண்ட காலக் கடன் என்பதே புதிது. அதற்கு முன்பு வங்கிக் கடன் பெரும்பாலும் ஒரு வருடத்துக்குத்தான், ஒவ்வொரு வருடமும் புதுப்பிக்க வேண்டும். மற்றபடி தெருவில் வாங்கும் கடன்தான். நகை வைத்தால் ஒரு விலை, ஒன்றும் இல்லாமல் வாங்கினால் மாதம் நூற்றுக்குப் பத்து, இருபது. மாத வட்டி கட்டிப் பழகிய காதுக்கு, வருடத்துக்கு எட்டு என்பதும் பதின்மூன்று என்பதும் தர்மம் செய்வதுபோல் கேட்கும். கணக்குப் போட்டுப் பார்க்காமல் விடுவதற்கு அதுவே ஒரு காரணம்.

கம்பெனியின் எட்டு எப்படிப்பட்ட எட்டு என்று கேட்கச் சொன்னேன். கேட்டுச் சொன்னாள். நூறு லட்சத்துக்கு வருடம் எட்டு லட்சம், பத்து வருடத்துக்கு 80 லட்சம், ஆக 180 லட்சம், அதை 120 மாதத்தால் வகுத்து மாதம் 1,50,000 சாட். இதைப் பிளாட் வட்டி என்பார்கள். பாதிக் கடனை அடைத்த பிறகும் முழு நூறு லட்சத்துக்கே வட்டி ஓடிக்கொண்டிருக்கும். வங்கியின் பதின்மூன்று அப்படியல்ல, ஒவ்வொரு மாதமும் மிச்சமிருக்கும் அசலுக்கு மட்டும் போடுவது. அதே நூறு லட்சம், அதே பத்து வருடம், 13 சதவீதம் என்றால் மாதத் தவணை 1,49,311 சாட். எட்டு வட்டிக்காரருக்குக் கட்டுவதைவிட 689 சாட் குறைவு! பதின்மூன்றுதான் சல்லிசு. அதோடு, ஐந்தாம் வருடம் கையில் பணம் வந்து கடனை முடிக்க நினைத்தால், வங்கியில் மிச்ச அசலைக் கட்டினால் போதும். கம்பெனியோ மிச்ச வருடங்களின் வட்டியையும் சேர்த்தே கேட்கும் என்றார்கள். தங்கை சற்று நேரம் பேசவில்லை. முன்பணம் கட்ட மறுநாள் போவதாக இருந்தாள்.

அடுத்த கேள்வி எத்தனை வருடம் என்பது. பத்து வருடத் தவணை அவர்களுக்கு இறுக்கம். வங்கியில் இருந்தவர் நல்ல மனதோடுதான், "இருபது வருடம் போட்டுக்கொள்ளுங்கள், மாதச் சுமை குறையும்" என்றாராம். உண்மைதான், குறையும். எவ்வளவு குறைகிறது என்பதைப் பென்சிலும் தாளும் எடுத்துக்கொண்டு பாருங்கள்.

பத்து வருடம்: மாதம் 1,49,311, மொத்த வட்டி 79 லட்சம். பதினைந்து வருடம்: மாதம் 1,26,524, மொத்த வட்டி 128 லட்சம். இருபது வருடம்: மாதம் 1,17,158, மொத்த வட்டி 181 லட்சம்.

பதினைந்திலிருந்து இருபதுக்குப் போனால் மாதம் மிச்சமாவது 9,366 சாட். அந்த ஆண்டு அங்கே குறைந்தபட்சக் கூலி நாளொன்றுக்கு 4,800 சாட் என்று வைத்திருந்தார்கள். ஆக, மாதம் இரண்டு நாள் கூலி மிச்சம். அதற்காகக் கூடுதலாகக் கொடுக்கும் வட்டி 53 லட்சம், வாங்கிய கடனில் பாதிக்கு மேல். நூறு லட்சம் வாங்கியவர் 281 லட்சம் கட்டுகிறார். அந்த வீட்டின் விலையை யாரேனும் கேட்டால் அவர் எதைச் சொல்வார்?

ஏன் இப்படி ஆகிறது? முதல் மாதத்தைப் பாருங்கள். நூறு லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 1,08,333 சாட். இருபது வருடத் தவணையான 1,17,158இல் அது போக அசலுக்குப் போய்ச் சேருவது 8,825 மட்டும். இரண்டாம் மாதம் அதைவிடச் சற்றுக் கூடுதல். இப்படி எறும்பு ஊர்வதுபோல் அசல் குறையும். ஐந்து வருடம் தவறாமல் கட்டினால் கட்டிய தொகை 70 லட்சத்துக்கு மேல். மிச்சமிருக்கும் கடன் 92 லட்சத்து 60 ஆயிரம்! பத்து வருடம் முடிந்து பாதி தூரம் வந்துவிட்டோம் என்று மூச்சு விடும்போது, 140 லட்சம் கட்டியும் 78 லட்சம் பாக்கி நிற்கும். இதில் மோசடி ஒன்றும் இல்லை, கணக்கின் இயல்பே இதுதான். தெரியாமல் இருப்பதால்தான் ஆறாம் வருடம் பாக்கி விவரத்தை வாங்கிப் பார்த்தவர் வங்கி ஏமாற்றிவிட்டது என்று சண்டைக்குப் போகிறார்.

இந்த இயல்பை நமக்குச் சாதகமாகவும் திருப்பலாம். இருபது வருடக் கடனில் முதல் மாதத்திலிருந்தே தவணையோடு 10,000 சாட் கூடுதலாகக் கட்டி, அதை அசலில் கழிக்கச் சொன்னால், 240 மாதக் கடன் 178 மாதத்தில் முடிந்துவிடும். ஏறக்குறைய 55 லட்சம் வட்டி மிச்சம். அதே கூடுதல் தொகையைப் பதினைந்தாம் வருடத்தில் கட்டத் தொடங்கினால் பெரிய பலன் இராது, ஏனென்றால் வட்டியில் பெரும்பகுதியை அதற்குள் கட்டி முடித்திருப்போம்.

தங்கை பதினைந்து வருடத்துக்குக் கையெழுத்துப் போட்டாள். தவணை, அன்றைய கணக்கில் ஒரு தொழிலாளியின் 26 நாள் குறைந்தபட்சக் கூலியைவிடச் சற்று அதிகம். 2019லும் 2020லும் திஞ்சான் தண்ணீர்த் திருவிழா மாதத்தில் ஐந்து ஐந்து லட்சம் அசலில் கட்டினார்கள். 2020இல் மத்திய வங்கி அடமானக் கடன் வரம்பை 10 சதவீதமாக இறக்கியபோது அவர்கள் வட்டியும் குறைந்தது. தவணையைக் குறைத்துத் தரட்டுமா என்று வங்கியில் கேட்டார்கள். வேண்டாம், பழைய தவணையே இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள் என்று சொல்லச் சொன்னேன்.

இங்கே ஒரு பழைய கதையையும் சொல்ல வேண்டும். லைங் தாயாவைத் தாண்டி அதே சாலையில் போனால் ஐராவதி டெல்டாவின் நெல் வயல்கள். நூறு வருடத்துக்கு முன் அந்த வயல்களை அடமானமாகப் பிடித்துக் கடன் கொடுத்தவர்கள் நம் தமிழர்கள், நாட்டுக்கோட்டைச் செட்டியார்கள். நெல் நல்ல விலைக்குப் போனவரை விவசாயிக்குத் தவணை சுமையாகத் தெரியவில்லை. உலகப் பொருளாதார மந்தத்தில் நெல் விலை பாதிக்கும் கீழே சரிந்தது. வருமானம் சுருங்கியது, கடன் மட்டும் பத்திரத்தில் எழுதியபடியே நின்றது. 1930இல் கீழ்ப் பர்மாவின் 13 முக்கிய நெல் மாவட்டங்களில் செட்டியார்கள் கையில் இருந்த நிலம் நூற்றுக்கு 6. 1938இல் அது 25. அவர்கள் விரும்பியது பணத்தை, வந்து சேர்ந்தது நிலம். அந்த நிலமும் சுதந்திர பர்மாவின் 1948 நில தேசியமயச் சட்டத்தோடு கைவிட்டுப் போனது. கடன் கொடுத்தவரும் வாங்கியவரும் சேர்ந்து முழுகிய கதை அது. வட்டி அட்டவணையில் இந்தச் செலவு எந்தக் கட்டத்திலும் இராது. இருபது வருடம் வருமானம் தடைபடாது என்று நாம் கொடுக்கும் வாக்குறுதிதான் அந்தச் செலவு.

லைங் தாயாவில் அந்த வாக்குறுதி மூன்று வருடம்கூடத் தாங்கவில்லை. 2021 மார்ச் 14ஆம் தேதி அங்கே நடந்த துப்பாக்கிச் சூட்டையும், ஆலைகள் எரிந்ததையும், தொடர்ந்து ராணுவச் சட்டம் வந்ததையும் நேயர்கள் செய்தியில் கேட்டிருப்பீர்கள். லாரியிலும் மூன்று சக்கர வண்டியிலும் பானை சட்டியோடு தொழிலாளர் குடும்பங்கள் ஊரைவிட்டுப் போயின. தங்கையின் ஆலை மூடியது. குழந்தைகளை அழைத்துக்கொண்டு ஆற்றுக்கு இக்கரையில், இன்செயினில் உறவினர் வீட்டில் ஒதுங்கினார்கள். அன்று அவர்களுடைய பாக்கி ஏறக்குறைய 80 லட்சம். முன்கூட்டிக் கட்டாமலும் வட்டி குறையாமலும் இருந்திருந்தால் 93 லட்சம் இருந்திருக்கும். இந்தப் பதின்மூன்று லட்ச வித்தியாசம்தான், வேலை இல்லாத மாதங்களில் வங்கியோடு உட்கார்ந்து பேச அவர்களுக்குத் தைரியம் கொடுத்தது.

அதற்குப் பிறகு நடந்ததை நான் யாருக்கும் வழியாகக் காட்டமாட்டேன். சாட்டின் மதிப்பு சரிந்தது, தங்கத்தின் விலை சாட் கணக்கில் பல மடங்கு ஏறியது. சித்தி கொடுத்துவிட்டுப் போன வளையல்களை 2023இல் விற்று, மிச்சக் கடனை ஒரே நாளில் கட்டிப் பத்திரத்தை மீட்டார்கள். பணவீக்கம் கடன்காரருக்கு உதவும் என்று புத்தகத்தில் எழுதியிருப்பது சரிதான். ஆனால் அரிசி வாங்கவே வளையலை விற்றவர்கள் அதே தெருவில் எத்தனையோ பேர். தங்கை கடையில் வளையலைக் கழற்றி வைத்துவிட்டு போனில் அழுதாள். வீடு மிஞ்சியதே என்றுதான் என்னால் சொல்ல முடிந்தது.

இனி நம் ஊர்க் கணக்கு. இங்கே பத்து லட்ச ரூபாய் கடன், 8.5 சதவீதம், இருபது வருடம் என்றால் மாதத் தவணை 8,678 ரூபாய், மொத்தம் 20 லட்சத்து 83 ஆயிரம். நம் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை 4லிருந்து 6.5 சதவீதமாக ஏற்றியபோது, பலருக்குத் தவணை மாறாமல் வருடங்கள் மட்டும் நீண்டன. மாதாமாதம் அதே தொகை போவதால் பலருக்கு அது தெரியவே இல்லை. ஏழு சதவீதத்தில் பத்து லட்சம் வாங்கியவரின் தவணை 7,753 ரூபாய். அதே கடனுக்கு 9.5 சதவீதமானால் வட்டி மட்டும் மாதம் 7,917. தவணையை உயர்த்தாவிட்டால் அந்தக் கடன் எந்தக் காலத்திலும் தீராது, வளரத்தான் செய்யும்.

வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா என்பதைக் கடன் வாங்கியவரே தேர்ந்தெடுக்க வழி தர வேண்டும் என்று 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது. கேட்டுப் பெற வேண்டியது நாம். 2025இல் ரெப்போ பல முறை குறைக்கப்பட்டதே, உங்கள் கடனில் அது எப்படி வந்து சேர்ந்தது என்று பார்த்தீர்களா? முடிந்தவர்கள் தவணையை அப்படியே விட்டு வருடத்தைக் குறைத்துக்கொள்ளுங்கள். தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக்கூடாது என்பது 2012 முதல் உள்ள விதி. புதிதாகக் கடன் வாங்குவோருக்கு, 2024 அக்டோபர் 1 முதல், எல்லாக் கட்டணங்களையும் சேர்த்த ஆண்டுச் செலவு விகிதத்தையும் தவணை அட்டவணையையும் எழுதிய முக்கிய விவரத் தாளைக் கடன் கொடுப்பவர் தர வேண்டும். பரிசீலனைக் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம், காப்பீடு எல்லாம் அதில் வந்துவிடும். கையெழுத்துக்கு முன் அந்தத் தாளை வாங்கி, வீட்டுக்குக் கொண்டுபோய், பிள்ளைகளை உட்கார வைத்துப் படிக்கச் சொல்லுங்கள்.

ஏற்கெனவே கடன் கட்டிக்கொண்டிருப்பவர்கள் உங்கள் கிளையில் தவணை அட்டவணையின் நகலைக் கேட்டு வாங்குங்கள். இந்த மாதத் தவணையில் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு, இன்னும் எத்தனை மாதம் என்று மூன்று எண்களைக் குறித்து நிலைய முகவரிக்கு அனுப்பினால், அடுத்த மாத நிகழ்ச்சியில் ஊர், பேர் சொல்லாமல் சில கணக்குகளைப் போட்டுக் காட்டுகிறேன். பிளாட் வட்டிக்கு வாங்கியிருப்பவர்கள் முதலில் எழுதுங்கள்.