கருவிழியின் விளிம்பிலே தோன்றும் புண்

ஐம்பொறிகளுள் கண்ணே தலையாயது என்பதை எவரும் மறுத்துரையார். ஆயினும், கண்ணில் தோன்றும் நோயெல்லாம் கண்ணிலேயே பிறந்தன என்று கருதுதல் பிழையாகும். உடலினுள்ளே நெடுநாள் மறைந்து கிடக்கும் பிணியொன்று, சில வேளைகளில், கருவிழியின் ஓரத்தைத் தனக்கு வாயிலாகக் கொண்டு வெளிப்படுகின்றது. அதனை நம் கல்லூரி அன்பர்கட்கு இயன்றவரை விளக்க முற்படுகின்றோம்.

கண்ணின் முன்புறத்தே, கைக்கடிகாரத்தின் கண்ணாடிபோல் அமைந்துள்ள தெளிந்த படலத்தையே ஈண்டுக் கருவிழிப் படலம் என்கின்றோம். அதன் குறுக்களவு ஏறத்தாழ 11 அல்லது 12 மில்லிமீட்டர். நடுவில் அதன் கனமோ அரை மில்லிமீட்டர் அளவே. ஒளி தடையின்றி உட்புக வேண்டுமாதலின், நடுப்பகுதியில் இரத்தக் குழாய்கள் இல்லை. கண்ணீரும், கண்ணினுள்ளே ஊறும் நீரும், வெளிக்காற்றுமே அதனைப் பேணி வருகின்றன. விளிம்பின் நிலை வேறு. படலம் வெண்விழியோடு கூடுமிடத்தில் நுண்ணிய இரத்தக் குழாய்கள் வளைந்து வளைந்து வந்து முடிகின்றன. இரத்தத்தோடு வரும் பொருள்கள் இவ்வெல்லையிலே தேங்குதற்கு இடமுண்டு. நாட்டின் எல்லைப்புறத்தே காவற்படை மிகுந்திருத்தல் போல, நோயை எதிர்க்கும் அணுக்களும் நடுவிடத்தைவிட ஓரத்திலேயே மிகுதியாக உள்ளன.

காக்க வந்த படையே குடிகளைப் பகைவரென மயங்கித் தாக்குமாயின் யாது நேரும்? அத்தகைய கேட்டினையே தன்னெதிர்ப்பு நோய் என்பர். கை கால் மூட்டுகளை வீங்கச் செய்து விரல்களைக் கோணச் செய்யும் முடக்குவாதம் அவற்றுள் ஒன்று. இந்நோயுடையார் சிலரின் இரத்தத்தில், எதிர்ப்புப் பொருள்கள் ஒன்றோடொன்று பிணைந்து திரண்டு, கருவிழி ஓரத்துக் குழாய்களிற் படிகின்றன. உடனே வெள்ளணுக்கள் அங்கே குவிகின்றன. அவை வெளியிடும் நொதிகள், படலத்திற்கு உறுதி தரும் கொலாஜென் என்னும் நாரினைக் கரைத்துவிடுகின்றன. பிறைமதி போன்ற வடிவில் விளிம்பை ஒட்டிப் புண் உண்டாகின்றது. கண் சிவக்கும், நீர் வடியும், ஒளியைக் கண்டாற் கூசும். வலி சிலர்க்கு மிகுதி, சிலர்க்குக் குறைவு. விரைந்து மருத்துவம் செய்யாவிடின், படலம் மெலிந்து துளைபட்டுப் பார்வையே அழிதலும் கூடும்.

முடக்குவாதமேயன்றி, இரத்தக் குழாய் அழற்சி நோய்கள் சிலவும், லூப்பஸ் என்னும் நோயும் இவ்வாறு வெளிப்படுவதுண்டு. பல்லாண்டு முடக்குவாதத்தால் வருந்தியவர்க்கு இப்புண் தோன்றுமாயின், நோய் மூட்டுகளோடு நில்லாது உடலெங்கும் இரத்தக் குழாய்களைப் பற்றிக்கொண்டது என்பதற்கு அஃது ஓர் அறிகுறியாகலாம். இதனை அமெரிக்க மருத்துவர் 1984 ஆம் ஆண்டில் ஆராய்ந்து வெளியிட்டனர். முடக்குவாதத்தோடு இப்புண்ணோ, வெண்விழி அழுகும் அழற்சியோ உற்றவருள், எதிர்ப்பாற்றலை அடக்கும் மருந்து பெறாதவரிற் சற்றேறக்குறையப் பாதிப்பேர் பத்தாண்டுகளுக்குள் இறந்தனர். அம்மருந்து பெற்றவருள் இறந்தவர் மிகச் சிலரே. ஆதலின், ஈண்டுக் காக்கப்படுவது கண் மட்டுமன்று, உயிருமாம்.

உடலில் வேறு நோய் யாதும் காணப்படாமலே இவ்வாறு புண் தோன்றுவதும் உண்டு. ஜெர்மானிய மருத்துவர் மூரன் 1867 ஆம் ஆண்டில் அதனை விரித்துரைத்தமையின், அது மூரன் புண் எனப்படும். மேனாடுகளில் அரிதாகிய இது நம் தென்னாட்டில் அத்துணை அரிதன்று. மதுரை அரவிந்த் கண் மருத்துவமனையில் இந்நோயுற்ற 150-க்கு மேற்பட்டோரைப் பற்றிய ஆராய்ச்சி 2007 ஆம் ஆண்டில் வெளிவந்தது. மற்றை நோய்கள் இல்லையெனத் தெளிந்த பின்னரே மூரன் புண் என்று முடிவுசெய்தல் மருத்துவர் வழக்கம்.

இனி, நம் ஊர்ப்பக்கத்து நிலையை நோக்குவோம். அயனம்பாக்கத்தினின்றும் அம்பத்தூர்த் தொழிற்பேட்டைக்குச் செல்வோர் பலர். இரும்புத்தூள் தெறித்துக் கண் சிவத்தல் பட்டறை வேலையில் இயல்பே. ஆதலின் சிவந்த கண்ணைக் கண்டவுடன், தூசி விழுந்ததென்று எண்ணி, மருந்துக்கடையிற் சொட்டு மருந்து வாங்கி விட்டுக்கொள்வது எளிதாகிவிடுகின்றது. இஃது இருவகையால் தீங்காம். நம் நாட்டில் கருவிழிப் புண்ணிற் பெரும்பாலன கிருமியாலும் காளானாலும் வருவன; அவற்றிற்கு ஸ்டீராய்டுச் சொட்டு இட்டால் புண் பெருகும். தன்னெதிர்ப்பால் வந்த புண்ணாயினோ, வெறுஞ்சொட்டு மருந்தால் உள்நோய் தீராது. எனவே, புண்ணைச் சுரண்டியெடுத்துக் கிருமி உண்டா என்று முதலில் ஆராய்வர். பின்னர் இரத்தத்தைச் சோதிப்பர். மூட்டுநோய் மருத்துவரையும் கலந்துகொள்வர். மெலிந்த இடத்தை ஒருவகைப் பசையால் அடைத்தலும், ஒட்டுப்போடுதலும் உண்டு. 1819 ஆம் ஆண்டில் தோன்றி எழும்பூரில் விளங்கும் அரசினர் கண் மருத்துவமனையும், நமக்கு அண்மையில் நூம்பலிலுள்ள அரவிந்த் கண் மருத்துவமனையும் இருக்க, நாம் கடைமருந்தை நாடுவானேன்?

அரவிந்த் மருத்துவமனையை 1976 ஆம் ஆண்டில் மதுரையிற் பதினொரு படுக்கைகளோடு தொடங்கியவர் டாக்டர் கோ. வெங்கடசாமி. மதுரை அமெரிக்கன் கல்லூரியிற் பயின்ற அவர், மகப்பேற்று மருத்துவராக விரும்பியிருந்தார். இளமையிலேயே முடக்குவாதம் அவர் விரல்களைக் கோணலாக்கிவிட்டது. அவர் மனந்தளராது கண் மருத்துவத்தை மேற்கொண்டு, அக்கோணல் விரல்களாலேயே கத்தியைப் பிடிக்கப் பழகி, ஓரிலட்சத்திற்கு மேற்பட்ட கண்களுக்கு அறுவை செய்தார். 2006 ஆம் ஆண்டில் அவர் மறைந்தார். கண்ணொளியைக் கெடுக்கவல்ல நோயொன்றை உடலிற் சுமந்துகொண்டே அவர் பிறர்க்குக் கண்ணொளி வழங்கியமை எண்ணி மகிழத்தக்கது.

அன்பர்களே! நம் இல்லங்களில் விரல் மடக்க இயலாது வருந்தும் பாட்டிமாரும் அத்தைமாரும் பலர் உளர். அவர்கள் கண் சிவந்து வலிக்கின்றதென்று கூறினால், முதுமையின் குறையென்று தள்ளிவிடாது, அன்றே கண் மருத்துவரிடம் அழைத்துச் செல்வோமாக. மூட்டு நோயுண்டு என்பதையும் அவரிடம் மறவாது சொல்வோமாக. அவ்வொரு சொல் ஒரு கண்ணையும் ஓர் உயிரையும் காத்தல் கூடும்.