இரண்டு முதலிடங்கள்

1984-ஆம் ஆண்டின் தொடக்கம். ஹாலிவுட்டின் சன்செட் சவுண்ட் ஒலிப்பதிவுக் கூடத்தில் பாடகர் பிரின்ஸ் ஒரு பாட்டைக் கிட்டத்தட்ட முடித்துவிட்டார். குரல், கிட்டார், கீபோர்டு, டிரம் மெஷின் எல்லாம் அவர் கைவேலைதான். ஆனாலும் மனது நிறையவில்லை. கடைசியில் பேஸ் கிட்டார் வாசிப்பை மட்டும் முழுதாக எடுத்துவிட்டார். கறுப்பின மக்களின் ஆட்டப் பாட்டுக்கு பேஸ்தான் அஸ்திவாரம். அதை உருவிய பிறகும் வீடு நின்றது. மே மாதம் வெளியான 'வென் டவ்ஸ் க்ரை' கறுப்பின இசைப் பட்டியலில் எட்டு வாரம் முதலிடத்தில் இருந்தது. பொதுப் பட்டியலிலும் ஐந்து வாரம் அதற்கே முதலிடம்.

ஒரே நாட்டில் ஏன் இரண்டு பட்டியல்?

அமெரிக்காவின் பில்போர்ட் பத்திரிகை வாராவாரம் வெளியிடும் 'ஹாட் 100' பொதுவானது. கறுப்பின மக்கள் வாங்கும், கேட்கும் பாட்டுகளுக்கு வேறொரு பட்டியல் இருந்தது. 1940-களில் அதற்கு 'இனத்தட்டுகள்' என்று பொருள்படும் பெயர். அது உறுத்தவே, அந்தப் பத்திரிகையில் வேலை பார்த்த ஜெர்ரி வெக்ஸ்லர் சொன்ன 'ரிதம் அண்ட் புளூஸ்' என்ற பெயர் 1949-இல் வந்தது. பிறகு 'சோல்' ஆனது. 1982-இல் 'பிளாக் சிங்கிள்ஸ்' ஆனது. பெயர்கள் மாறினாலும் கணக்கெடுக்கும் முறை அப்போதும் பழையதுதான். கறுப்பினக் குடியிருப்புகளின் இசைத்தட்டுக் கடைகளும் வானொலி நிலையங்களும், எது விற்கிறது, எது ஒலிக்கிறது என்று தகவல் அனுப்பும். அதை வைத்து வரிசை போடுவார்கள். ஒரு பக்கத்துக்கு ஒரு பாட்டு அடங்கிய சிறு தட்டுக்குத்தான் 'சிங்கிள்' என்று பெயர்.

இந்த இரண்டு பட்டியல்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் அன்றைய அமெரிக்கா புரியும்.

நியூயார்க்கின் ஹார்லெமில் பிறந்த ஃப்ரெடி ஜாக்சன், சிறு வயதிலேயே தேவாலயத்தில் பாடிப் பழகியவர். 1985-இல் அவருடைய முதல் சிங்கிள் 'ராக் மீ டுநைட்' வெளிவந்தது. பழைய காதலைத் தேடித் திரும்பி வருபவனின் பாட்டு. கறுப்பினப் பட்டியலில் ஆறு வாரம் முதலிடம். அந்த ஆண்டு முழுமைக்கும் அந்தப் பட்டியலின் முதல் பாட்டு அதுவே. பொதுப் பட்டியலில் அது தொட்ட உச்சம் 18-ஆம் இடம். பட்டி லபெல் பாடிய 'இஃப் ஒன்லி யூ நியூ' அதற்கு முந்தைய ஆண்டு கறுப்பினப் பட்டியலில் நான்கு வாரம் முதலிடம். பொதுப் பட்டியலில் 46-ஐத் தாண்டவில்லை.

பாட்டில் குறை இல்லை. காற்றலையே இரண்டாகப் பிரிந்திருந்தது. வாஷிங்டனில் கறுப்பின மாணவர்களுக்குப் பேர்போன ஹோவர்ட் பல்கலைக்கழகத்தின் வானொலியில் 1976-இல் 'குவயட் ஸ்டார்ம்' என்ற இரவு நிகழ்ச்சி தொடங்கியது. மெதுவான காதல் பாட்டுகளை ஒன்றன்பின் ஒன்றாக விடும் அந்தப் பாணி, நாடெங்கும் கறுப்பின வானொலிகளில் பரவியது. ஃப்ரெடி ஜாக்சனின் குரல் வாழ்ந்தது அந்த இரவுகளில்தான். 1981-இல் தொடங்கிய இசைத் தொலைக்காட்சி எம்டிவியோ வெள்ளையரின் ராக் இசையையே காட்டிக்கொண்டிருந்தது. 1983-இல் மைக்கேல் ஜாக்சனின் 'பில்லி ஜீன்' அந்தக் கதவைத் திறந்தது. ஆனால் திறந்த கதவு வழியே எல்லோராலும் உள்ளே போக முடியவில்லை.

இசை நிறுவனங்களுக்கு இது நன்றாகத் தெரியும். விட்னி ஹூஸ்டனை அறிமுகம் செய்தபோது அரிஸ்டா நிறுவனம் முதலில் கறுப்பின வானொலியைத்தான் நாடியது. 'யூ கிவ் குட் லவ்' 1985-இல் கறுப்பினப் பட்டியலில் முதலிடமும் பொதுப் பட்டியலில் மூன்றாம் இடமும் பிடித்தது. அடுத்து வந்த 'சேவிங் ஆல் மை லவ் ஃபார் யூ' இரண்டிலும் முதலிடம்.

அந்த ஆண்டுகளில் பாட்டின் ஓசையும் மாறியது. அசல் டிரம் ஒலிகளைச் சில்லுகளில் அடைத்து ரோஜர் லின் உருவாக்கிய கருவியும், ஜப்பானின் ரோலண்ட் 808-உம் தாளக்காரரின் இடத்தைப் பிடித்தன. 1984-இல் சாக்கா கானின் 'ஐ ஃபீல் ஃபார் யூ' அதற்கு நல்ல சாட்சி. பிரின்ஸ் 1979-இலேயே பாடிய பாட்டுதான் அது. தயாரிப்பாளர் ஆரிஃப் மார்டின் அதில் மெல்லி மெல்லின் ராப்பையும் ஸ்டீவி வொண்டரின் ஹார்மோனிகாவையும் சேர்த்தார். பாடகியின் பெயரைச் சொல்லும் ராப் குரலை இயந்திரத்தில் ஓட்டும்போது கை தவறி அந்தப் பெயர் திரும்பத் திரும்ப ஒலித்தது. மார்டின் அதை அழிக்காமல் பாட்டின் தொடக்கமாகவே வைத்துவிட்டார். இன்றும் பாட்டை அடையாளம் காட்டுவது அந்தத் திக்கல்தான்.

மினியாபொலிஸில் இன்னொரு பட்டறை. பிரின்ஸ் உருவாக்கிய 'தி டைம்' குழுவில் வாசித்த ஜிம்மி ஜாமும் டெரி லூயிஸும், 1983-இல் வேறொரு குழுவின் பாட்டுக்காக அட்லாண்டா போன இடத்தில் பனியில் சிக்கி ஒரு கச்சேரிக்கு வரத் தவறினார்கள். பிரின்ஸ் இருவரையும் நீக்கிவிட்டார். அந்த இருவரிடம்தான் 1985-இல், தந்தையின் நிர்வாகத்தை உதறிவிட்டு 19 வயது ஜேனட் ஜாக்சன் வந்தார். அவர்கள் முதலில் அவரைப் பேசவிட்டார்கள். அவர் சொன்னதெல்லாம் பாட்டாயிற்று. தங்கியிருந்த ஹோட்டல் வாசலில் ஆண்கள் சிலர் வம்பு செய்தார்கள். அந்தக் கோபத்தில் பிறந்த 'நாஸ்டி' 1986-இல் கறுப்பினப் பட்டியலின் உச்சிக்குப் போனது.

துக்கமும் முதலிடம் பிடித்தது. 1984 ஜனவரியில் பாடகர் ஜாக்கி வில்சன் இறந்தார். ஏப்ரல் 1-ஆம் தேதி இன்னொரு பாடகர் மார்வின் கே தன் தந்தையின் துப்பாக்கிக்கே பலியானார். லயனல் ரிச்சி பிரிந்துபோன பிறகு களையிழந்திருந்த கமடோர்ஸ் குழு, இருவரையும் நினைத்து 'நைட்ஷிஃப்ட்' பாடியது. 1985-இல் கறுப்பினப் பட்டியலில் நான்கு வாரம் முதலிடம். கிராமி விருதும் கிடைத்தது.

பழைய வெற்றிப் பாட்டுகளைத் தொகுப்பவர்கள் பெரும்பாலும் 'ஹாட் 100'-ஐ மட்டுமே அளவுகோலாகப் பிடிக்கிறார்கள். அதனால் பிரின்ஸும் விட்னியும் நினைவில் நிற்கிறார்கள், ஃப்ரெடி ஜாக்சன் நழுவிவிடுகிறார். இது அநியாயம். ஒரு சமூகம் முழுவதும் ஆறு வாரம் உச்சியில் வைத்துக் கேட்ட பாட்டு 18-ஆம் இடத்துப் பாட்டு அல்ல. ஒருநாள் இரவு, வீடு அடங்கிய பிறகு, 'ராக் மீ டுநைட்' பாட்டை ஒருமுறை கேளுங்கள்.