கரையோரக் கிணறு ஏன் உப்பாகிறது?

கடல் கூப்பிடு தூரத்தில் இருக்க, வேதாரண்யம் பக்கத்து மணல்மேடுகளில் ஆறேழு அடி தோண்டினால் நல்ல தண்ணீர் ஊறுகிறது. எப்படி?

ஒரு லிட்டர் கடல்நீர் ஏறக்குறைய 1,025 கிராம்; மழைநீர் 1,000 கிராம். இந்தச் சிறு வித்தியாசத்தால், மணலுக்குள் இறங்கிய மழைநீர் உப்புநீரின் மேல் மிதக்கிறது. கடல்மட்டத்துக்கு மேலே 1 மீட்டர் நன்னீர் நின்றால், கீழே சுமார் 40 மீட்டர் ஆழம்வரை உப்புநீரை அது அழுத்தி வைக்கும்.

இந்தக் கணக்கு திரும்பியும் வேலை செய்யும். மோட்டார் போட்டு இறைத்து நன்னீர் மட்டத்தை 1 மீட்டர் இறக்கிவிட்டால், அடியிலிருந்து உப்பு 40 மீட்டர்வரை ஏறிவரலாம். சென்னைக்கு வடக்கே மீஞ்சூரில் அளவுமீறி உறிஞ்சியதால்தான் கடல் நிலத்தடியில் பல கிலோமீட்டர் உள்ளே வந்தது.

இப்போது கடலும் உயர்கிறது. 1901 முதல் 2018 வரை உலக சராசரி சுமார் 20 சென்டிமீட்டர். கூடவே நன்னீரும் உயர்ந்தால் தப்பிக்கலாம். தாழ்வான டெல்டாவில் அதற்கு இடமில்லை. வாய்க்கால் வழியே வழிந்துவிடும்.

ஆகவே ஆழ்துளைக் கிணறு இங்கே தீர்வல்ல, ஆபத்து. ஆழமில்லாத பல கிணறுகளில் கொஞ்சம் கொஞ்சமாக இறைப்பதே பாதுகாப்பு. வடகிழக்குப் பருவமழைக்கு முன் குளம் தூர்வார வேண்டும். மணல்மேட்டை அள்ள விடக்கூடாது. கரையோர ஊரின் தண்ணீர்த் தொட்டியே அதுதான். மழைநீரை மண்ணுக்குள் இறக்கினால் பலன் உண்டு: 2003இல் தமிழகத்தில் மழைநீர் சேகரிப்பு கட்டாயமானபின் சென்னையின் பல பகுதிகளில் கிணற்றுமட்டம் ஏறியது.