விக்டர் அக்செல்சன்: எதிரியிடம் பாடங்கேட்ட வீரர்

ஒரு விளையாட்டு ஒரு நாட்டில் வேரூன்றுவதற்கு அந்நாட்டின் காலநிலையும் ஒரு காரணமாகும். ஐரோப்பாவின் வடபாகத்திலே, கடல் சூழ்ந்த தீவுகளும் ஒரு குடாநாடும் சேர்ந்தமைந்த சிறு நாடு டென்மார்க். அங்கே மாரிகாலம் நீண்டது. அக்காலத்துப் பகற்பொழுதோ மிகக் குறுகியது. திறந்த வெளியில் ஆட இயலாத அம்மாதங்களில் கூரையின் கீழ் ஆடத்தக்க ஆட்டங்களை அந்நாட்டார் விரும்பி மேற்கொண்டனர். அவற்றுள் ஒன்று பட்மின்டன் எனப்படும் பூப்பந்தாட்டம். இவ்வாட்டத்துக்கென 1930ஆம் ஆண்டில் அங்கே தேசிய சங்கம் தோன்றியது. 1934இல் 9 நாடுகள் கூடிச் சர்வதேசச் சம்மேளனத்தை நிறுவியபோது டென்மார்க்கும் அவற்றுள் ஒன்றாய் இருந்தது.

பூப்பந்து என்பது பறவையின் 16 சிறகுகளைத் தக்கையொன்றில் வட்டமாகச் செருகிச் செய்யப்படுவது. அதன் நிறை ஏறக்குறைய 5 கிராம் மாத்திரமே. சிறு காற்றும் அதைத் திசைதிருப்பிவிடும் என்பதனாலேயே பெரும் போட்டிகள் யாவும் மண்டபத்துக்குள் நடைபெறுகின்றன. மட்டையால் ஓங்கி அடித்தால் அது அம்புபோற் பாயும். மெல்லத் தொட்டால் வலையை ஒட்டி உதிரும். ஆதலால் இவ்வாட்டத்தில் வலிமையுடையவன் மாத்திரம் வெல்வதில்லை; எதிரில் நிற்பவனின் எண்ணத்தை முன்னரே உணர்பவனே வெல்கிறான்.

இந்த உணர்வு நல்ல எதிராளிகளோடு நாள்தோறும் ஆடுவதால் வருவது. கத்தி கூர்மையடையச் சாணைக்கல் வேண்டும் என்பது போல, ஆட்டக்காரன் தேர்ச்சியடையத் தனக்கு ஒப்பான ஆட்டக்காரன் வேண்டும். சீனாவிலும் இந்தோனேசியாவிலும் அத்தகையோர் பலர் ஒரே பயிற்சிக்கூடத்தில் இருப்பர். ஏறக்குறைய 60 இலட்சம் மக்களே வாழும் டென்மார்க்கிலோ அத்தகையோர் சிலரே. எர்லண்ட் கொப்ஸ் 1958 முதல் 1967 வரையான காலத்தில் அகில இங்கிலாந்துச் சுற்றுப்போட்டியின் ஒற்றையர் பட்டத்தை 7 முறை வென்றார். 1996இல் அட்லாண்டா ஒலிம்பிக்கில் போல் எரிக் ஹோயர் தங்கப் பதக்கம் பெற்றார். இவ்வாறு தனிவீரர் சிலர் புகழீட்டினர். ஆயினும் நாடுகளின் அணிகள் மோதும் தொமஸ் கிண்ணப் போட்டியில், 1949இல் மலாயாவிடம் தோற்ற முதலாவது இறுதிப் போட்டி தொடக்கம் 2006 வரை, டென்மார்க் 8 இறுதிப் போட்டிகளில் ஆடி எட்டிலும் தோல்வியே கண்டது.

சிறிய நாட்டில் பிறந்த வீரன் தன் சாணைக்கல்லை எங்கே தேடுவது? இவ்வினாவுக்குத் தன் ஆட்ட வாழ்வாலேயே விடை தேடியவர் விக்டர் அக்செல்சன்.

ஒடென்ஸ என்பது டென்மார்க்கின் ஃபியூன் தீவிலுள்ள நகரம். சிறுவர் கதைகளால் உலகப் புகழ்பெற்ற ஹான்ஸ் கிறிஸ்டியன் அண்டர்சன் பிறந்த ஊர் அதுவே. அந்நகரில் 1994 சனவரி 4ஆம் நாள் அக்செல்சன் பிறந்தார். 6 வயதுச் சிறுவனாயிருந்தபோது தந்தையார் அவரை ஊரிலிருந்த பூப்பந்தாட்ட மண்டபத்துக்கு அழைத்துச் சென்றார். 2010இல் மெக்சிக்கோ நாட்டின் குவாதலஹாரா நகரில் உலக இளையோர் போட்டி நடைபெற்றது. 16 வயதே நிரம்பிய அக்செல்சன் அதன் இறுதியாட்டத்தில் கொரிய வீரர் ஒருவரை வென்று பட்டம் பெற்றார். ஆண்கள் ஒற்றையரில் அப்பட்டத்தை அடைந்த முதல் ஐரோப்பியர் அவரே.

வளர்ந்தபோது அவர் உயரம் 1.94 மீற்றர் ஆயிற்று. நெடிய உடம்பு இவ்வாட்டத்தில் வரமும் சுமையும் ஆகும். மேலிருந்து ஓங்கி அடிக்கும் அடி செங்குத்தாக இறங்குவதால் எதிராளிக்கு அதைத் தடுப்பது அரிது. ஆனால் வலையருகே தாழ விழும் பந்தை எடுக்கக் குனிவதும், குனிந்த உடம்பை நிமிர்த்திப் பின்னோக்கி விரைவதும் நெடியவனுக்கு எளிதல்ல. முதுகும் கணுக்காலும் அந்தப் பாரத்தைத் தாங்க வேண்டியிருக்கும். பிற்காலத்தில் அவருக்கு நேர்ந்த நோவுகள் பெரும்பாலும் அவ்விரு இடங்களிலேயே நேர்ந்தன.

2014ஆம் ஆண்டளவில் அவர் சீன மொழியைக் கற்கத் தொடங்கினார். அக்காலத்தில் ஆண்கள் ஒற்றையர் ஆட்டத்தின் சிகரத்தில் நின்றவர்கள் சீனர்கள். லின் டான் 2008, 2012 ஆகிய இரண்டு ஒலிம்பிக்கிலும் தங்கம் வென்றிருந்தார். சென் லோங் அவருக்கு அடுத்து வந்தார். அவர்களோடும் அவர்களுடைய பயிற்சியாளரோடும் இடையில் மொழிபெயர்ப்பாளர் இன்றிப் பேச வேண்டும் என்பது அக்செல்சனின் விருப்பம். ஆயிரக்கணக்கான எழுத்துக்களும், ஒலியின் ஏற்ற இறக்கத்தால் பொருள் மாறும் சொற்களும் உடைய அம்மொழியை, பயண ஓய்விலும் பயிற்சி இடைவேளையிலும் பயின்றார். சில ஆண்டுகளில் சீனத் தொலைக்காட்சிக்குச் சீன மொழியிலேயே செவ்வி அளிக்கும் அளவுக்குத் தேறினார். சீன இரசிகர்கள் அவரை ‘ஆன் சாய்லோங்’ என்று அழைத்தனர். அப்பெயரின் ஈற்றுச் சொல்லுக்கு ‘டிராகன்’ என்னும் நாகம் என்பது பொருள்.

2016ஆம் ஆண்டு அவருக்கும் அவர் நாட்டுக்கும் திருப்பம் தந்த ஆண்டாகும். அவ்வாண்டு மே மாதம் சீனாவின் குன்ஷான் நகரில் தொமஸ் கிண்ண இறுதிப் போட்டியில் டென்மார்க்கும் இந்தோனேசியாவும் மோதின. முதலாவது ஆட்டத்தில் டொமி சுகியார்ட்டோவை அக்செல்சன் வென்றார். ஐந்தாவது ஆட்டத்தை ஹான்ஸ் கிறிஸ்டியன் விட்டிங்குஸ் வென்று கொடுக்க, 3-2 என்ற கணக்கில் டென்மார்க் கிண்ணத்தைக் கைப்பற்றியது. எட்டு முறை இறுதிவரை சென்று மீண்ட நாடு ஒன்பதாம் முறை வென்றது. ஐரோப்பிய நாடொன்று அக்கிண்ணத்தை வென்றது அதுவே முதல் தடவை. அதே ஆண்டு ஓகஸ்ட் மாதம் ரியோ ஒலிம்பிக்கில் அக்செல்சன் அரையிறுதியில் சென் லோங்கிடம் தோற்றார். வெண்கலப் பதக்கத்துக்கான போட்டியிலோ லின் டானை 15-21, 21-10, 21-17 எனத் தோற்கடித்தார்.

மறு ஆண்டில் ஸ்கொத்லாந்தின் கிளாஸ்கோ நகரில் உலகப் போட்டி நடைபெற்றது. அரையிறுதியில் சென் லோங்கையும், இறுதியில் லின் டானை 22-20, 21-16 எனவும் வென்று அக்செல்சன் உலக வாகை சூடினார். அவருக்கு முன் அப்பட்டம் பெற்ற டேனியர் பீற்றர் ராஸ்முசன் ஆவார். அவரும் சரியாக 20 ஆண்டுகளுக்கு முன், 1997இல், அதே கிளாஸ்கோ நகரிலேயே வென்றிருந்தார்.

இதன் பின்னர் வந்த ஆண்டுகள் இலகுவானவையல்ல. 2018இன் தொடக்கத்தில் கணுக்காலில் அறுவைச் சிகிச்சை நடந்தது. 2019இல் முதுகு நோவு காரணமாக உலகப் போட்டியில் கலந்துகொள்ள இயலவில்லை. அக்காலத்தில் யப்பானிய வீரர் கென்டோ மொமொட்டா அவரை மீண்டும் மீண்டும் வென்றார். 2019 அகில இங்கிலாந்து இறுதியிலும், 2020 சனவரியில் மலேசியாவில் நடந்த சுற்றுப்போட்டியின் இறுதியிலும் அவ்வாறே நடந்தது. மலேசியப் போட்டி முடிந்த சில மணி நேரத்தின் பின் விமான நிலையத்துக்குச் செல்லும் வழியில் மொமொட்டாவின் வாகனம் விபத்துக்குள்ளானது. சாரதி உயிரிழந்தார், மொமொட்டா காயமுற்றார். அதே ஆண்டு மார்ச் மாதம் அக்செல்சன் அகில இங்கிலாந்துப் பட்டத்தை வென்றார். 1999இல் பீற்றர் கேட் வென்றதற்கு 21 ஆண்டுகளின் பின் அப்பட்டம் டென்மார்க்குக்கு மீண்டது.

பெருந்தொற்றினால் ஓராண்டு பிற்போடப்பட்ட டோக்கியோ ஒலிம்பிக் 2021இல் நடைபெற்றது. அதற்குச் சில மாதங்களின் முன், கியிவ் நகரில் நடந்த ஐரோப்பியப் போட்டியில் இறுதிவரை முன்னேறிய அக்செல்சனுக்குத் தொற்று உறுதியானதால், அவர் இறுதியாட்டத்தில் ஆடாமலே விலகினார். டோக்கியோவில் மொமொட்டா தொடக்கச் சுற்றிலேயே கொரிய வீரர் ஒருவரிடம் எதிர்பாராது தோற்றார். அக்செல்சனோ ஓர் ஆட்டத்தையேனும் இழக்காது இறுதியை அடைந்தார். ஓகஸ்ட் 2ஆம் நாள் சென் லோங்கை 21-15, 21-12 என வென்று தங்கப் பதக்கம் பெற்றார். ஹோயருக்குப் பின் 25 ஆண்டுகளில் ஆசியர் அல்லாத ஒருவருக்குக் கிட்டிய முதலாவது ஆண்கள் ஒற்றையர் தங்கம் அது. களத்தோரத்தில் கண்ணீரோடு இருந்தவருக்கு டென்மார்க்கின் அப்போதைய பட்டத்து இளவரசர் பிரெடெரிக் தொலைபேசியில் வாழ்த்துக் கூறினார்.

உச்சியை அடைந்த வீரன் பொதுவாகத் தன் நுட்பங்களை மறைத்துக்கொள்வான். அக்செல்சன் செய்தது வேறு. அவ்வாண்டிலேயே கொப்பன்ஹேகனை அடுத்த தேசியப் பயிற்சி நிலையத்தை விட்டு நீங்கித் துபாய் நகரிற் குடியேறினார். மகரந்தத்தினால் உண்டாகும் ஒவ்வாமை அவரைத் துன்புறுத்திவந்தது. ஆசிய நாடுகளுக்கான நெடும் பயணங்களும் அங்கிருந்து குறுகின. அங்கே தனக்குத் துணையாக ஆடுவதற்கு வெவ்வேறு நாட்டு இளம் வீரர்களை அழைத்தார். சிங்கப்பூரின் லோ கியன் யூவும், இந்தியாவின் லக்ஷ்ய சென்னும் அவர்களுள் இருவர். நாளை எதிரே நிற்கப் போகிறவர்களுக்குத் தன் பயிற்சிமுறை முழுவதையும் திறந்து காட்டினார்.

இதன் விலையை அவர் விரைவிலேயே கொடுத்தார். 2021 டிசெம்பரில் ஸ்பெயின் நாட்டில் நடந்த உலகப் போட்டியின் முதற் சுற்றிலேயே அவருக்கு எதிரே நின்றவர் லோ கியன் யூ. முதல் ஆட்டத்தை அக்செல்சன் வென்றார். அடுத்த இரண்டையும் 21-9, 21-6 என லோ வென்றார். அவரை வீழ்த்திய அதே லோ அப்போட்டியின் முடிவில் உலக வாகை சூடினார். 2022 மார்ச்சில் ஜெர்மனியில் நடந்த சுற்றுப்போட்டியின் அரையிறுதியில் லக்ஷ்ய சென் அவரை வென்றார்.

அப்போதும் அவர் கதவை அடைக்கவில்லை. ஜெர்மனியில் தோற்ற மறுவாரமே அகில இங்கிலாந்து இறுதியில் லக்ஷ்யவை 21-10, 21-15 என வென்றார். அதுமுதல் 39 போட்டிகளில் அவரை எவராலும் வெல்ல முடியவில்லை. அந்த வரிசைக்குள் டோக்கியோவில் நடைபெற்ற உலகப் போட்டியும் அடங்கும். அதன் இறுதியில் தாய்லாந்தின் குன்லாவுட் விடிட்சார்ன் முதல் ஆட்டத்தில் எடுத்தவை 5 புள்ளிகள் மாத்திரமே. அவ்வெற்றி வரிசையை முடித்து வைத்தவரும் லோ கியன் யூவே. அது நடந்தது 2022 ஒக்டோபரில், அக்செல்சன் பிறந்த ஒடென்ஸ நகரிலே. மறு ஆண்டு சொந்த நாட்டின் தலைநகரில் நடந்த உலகப் போட்டியிலும் அவர் காலிறுதியில் இந்திய வீரர் பிரணோயிடம் தோற்றுத் தன் மக்கள் முன்னே தலைகுனிந்து வெளியேறினார்.

2024 பாரிஸ் ஒலிம்பிக் இக்கதையின் பல இழைகளையும் ஒன்றாக முடிந்து காட்டியது. காலிறுதியில் அவர் எதிர்கொண்டது லோ கியன் யூவை. அரையிறுதியில் லக்ஷ்ய சென்னை. ஒரு காலத்தில் துபாய் மண்டபத்தில் அவரோடு வியர்வை சிந்திய இருவரும் அடுத்தடுத்து அவர் வழியில் நின்றனர். லோவை அவர் நேராக வென்றார். லக்ஷ்யவோ முதல் ஆட்டத்தில் 20-17 என முன்னணியில் இருந்தார். ஒரு புள்ளி எடுத்தால் ஆட்டம் அவருடையது. அக்செல்சன் தொடர்ந்து புள்ளிகளைப் பெற்று 22-20 என அதைக் கைப்பற்றினார். இரண்டாவது ஆட்டத்தில் 7-0 எனப் பின்தங்கியும் 21-14 என வென்றார். போட்டி முடிந்தபின், அடுத்த ஒலிம்பிக்கில் தங்கம் வெல்லத்தக்கவர் லக்ஷ்ய என்று புகழ்ந்துரைத்தார். ஓகஸ்ட் 5ஆம் நாள் இறுதியில் குன்லாவுட்டை 21-11, 21-11 என வென்றார். ஆண்கள் ஒற்றையர் தங்கத்தை அடுத்தடுத்து இரு ஒலிம்பிக்கில் வென்றவர் அதற்கு முன் லின் டான் ஒருவரே. எந்த வீரரின் மொழியைக் கற்க அக்செல்சன் ஆசைப்பட்டாரோ, அவ்வீரரின் பக்கத்திலேயே அவர் பெயரும் இடம்பெற்றது.

உடம்பு தன் கணக்கைக் கேட்காமல் விடுவதில்லை. நெடுங்காலமாக நோவு தந்த முதுகில் 2025 ஏப்ரல் மாதம் அவர் அறுவைச் சிகிச்சை செய்துகொள்ள நேர்ந்தது. களத்தில் பெற்ற வெற்றிகளுக்கு ஒரு முதுகெலும்பு எவ்வளவு கொடுத்தது என்பதை அச்செய்தி உணர்த்தியது.

தன் ஆட்டத்தை எதிரிக்குக் காட்டியதனால் அக்செல்சன் ஓர் உலகப் பட்டத்தை இழந்தார் என்று சொல்வோர் உளர். அது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் பாரிஸ் அரையிறுதியில் 20-17 எனப் பின்தங்கி நின்ற வேளையில், எதிரே நின்ற இளைஞனின் ஒவ்வோர் அசைவும் அவருக்கு முன்பே பழக்கமாயிருந்தது. சாணைக்கல்லைத் தேடிக் கடல் கடந்தவர், அக்கல்லோடு உரசியதனால் காயமும் பெற்றார், கூர்மையும் பெற்றார்.