ஏசு படம் பார்த்தார், மனம் உடைந்தார்! காதலியைக் கொன்ற வாலிபர் போலீசில் சரண்

சினிமா பார்த்துவிட்டுக் கண்ணைத் துடைத்தபடி வீட்டுக்குப் போகிறவர்கள் உண்டு. போலீசுக்குப் போனவர் உண்டா? உண்டு!

2004-ம் ஆண்டு ஜனவரி மாதம். அமெரிக்காவில் டெக்சாஸ் மாநிலம் ஹூஸ்டன் நகருக்கு அருகே ஓர் இளம்பெண் வீட்டில் பிணமாகக் கிடந்தார். தற்கொலை என்று முடிவு கட்டினார்கள். கேசும் அடங்கிப் போச்சு.

சவுக்கடி

பிப்ரவரி 25-ந் தேதி, சாம்பல் புதன் அன்று, மெல் கிப்சன் டைரக்ட் செய்த "தி பேஷன் ஆப் தி கிறைஸ்ட்" படம் வெளியானது. ஏசு படும் சவுக்கடி, முள்முடி, சிலுவை எல்லாம் ரத்தமும் சதையுமாகக் காட்டப்பட்டன. தியேட்டர்களில் பலர் விம்மி அழுதார்கள்.

அந்தப் படத்தைப் பெண்ணின் காதலனும் பார்த்தார். மனசு உறுத்தியது. குடும்ப நண்பர் ஒருவரிடம் பேசினார். மார்ச் மாதம் போலீசில் சரண் அடைந்தார். கொலை செய்துவிட்டு, தற்கொலை போல நாடகம் ஆடியதை ஒப்புக்கொண்டார்.

75 ஆண்டு ஜெயில்

மனம் திரும்பினால் மன்னிப்பு உண்டு என்கிறது வேதம். கோர்ட்டு கணக்கு வேறு. அதே ஆண்டு அவருக்கு 75 ஆண்டு ஜெயில் தண்டனை கிடைத்தது.

செத்தவர் திரும்பி வரவில்லை. ஆனால், தன் உயிரைத் தானே மாய்த்துக்கொண்டவர் என்ற பழி மட்டும் அவர் மீதிருந்து நீங்கியது!