ஆய்ச்சியர் குரவை: ஓர் இசை விளக்கம்

திண்டுக்கல் சமவெளியில் நின்று தென்கிழக்கே நோக்குவார்க்குச் சிறுமலையின் நீலத்தொடர் தோன்றும். மதுரைக்குச் செல்லும் கோவலனுக்கும் கண்ணகிக்கும், கொடும்பாளூர்க்கு அப்பால் பிரியும் மூன்று வழிகளை எடுத்துரைக்கும் மறையவன் ஒருவன், வலப்பக்க வழியிற் செல்வோர் இம்மலையை வலங்கொண்டு செல்க என்கிறான். வாழையும் பலாவும் சூழ்ந்த மலையென இளங்கோவடிகள் அன்று கூறியது இன்றும் பொருந்துகின்றது. அவ்விருவரும் சென்றது இடைவழியே யாயினும், சிலப்பதிகாரம் நமக்கு அயல் நூலன்று. அதன் பதினேழாம் காதையாகிய ஆய்ச்சியர் குரவையின் இசையமைதியை ஈண்டுச் சிறிது ஆராய்வோம்.

மதுரைப் புறத்தேயுள்ள ஆயர்பாடியில் ஒரு காலைப்பொழுது. அரண்மனை முரசம் ஒலிக்கின்றது. அன்று கோயிலுக்கு நெய்யளக்கும் முறை தனதாதலின், மாதரி தன் மகள் ஐயையை அழைக்கின்றாள். ஆனால் குடத்துப் பால் உறையவில்லை, வெண்ணெய் உருகவில்லை, ஏற்றின் கண்ணில் நீர் சோர்கின்றது, ஆட்டுக்குட்டிகள் துள்ளவில்லை, பசுக்கள் நடுங்கி நிற்க, அவற்றின் கழுத்துமணிகள் அறுந்து வீழ்கின்றன. வருவது ஒன்று உண்டென்று அஞ்சிய மாதரி, கறவையும் கன்றும் துயர் நீங்குமாறு, கண்ணகியும் காணக் குரவையாடுவோம் என்கிறாள். எனவே இது பொழுதுபோக்காகிய கூத்தன்று. தீங்கு நீங்க வேண்டிச் செய்யும் வழிபாடு.

ஆடுதற்கு எழுவர் கன்னியர் வந்தனர். ஒவ்வொருத்தியும் ஓர் ஏறு வளர்த்தவள். அதனைத் தழுவியவனுக்கே உரியவள். நத்தத்தைச் சூழ்ந்த சிற்றூர்களில் இன்றும் சல்லிக்கட்டுக் காண்பார்க்கு அவ்வழக்கின் தொன்மை விளங்கும். மாதரி அவர்களுக்குக் குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம் என ஏழிசையின் பெயரைப் படைத்துக்கோட் பெயராக இடுகின்றாள். இவை இக்காலத்துச் ச, ரி, க, ம, ப, த, நி என்பவற்றுக்கு நேராவன. பின்னர்க் குரலை மாயவனென்றும், இளியை அவன் தமையனாகிய பலதேவனென்றும், துத்தத்தை நப்பின்னையென்றும் கூறுகின்றாள். குரலின் இருபுறமும் துத்தமும் தாரமும் நிற்க, இளியின் இருபுறமும் உழையும் விளரியும் நிற்கின்றனர். எழுவரும் கைகோத்து வட்டமாய் நின்றமையின், ஏழாவதாகிய தாரத்தை அடுத்து மீண்டும் குரலே வருகின்றது. இசையின் சுழற்சியைக் கண்ணாற் காணுமாறு செய்த அமைப்பன்றோ இது!

இனி, பாட்டுத் தொடங்கும் முறையை நோக்குக. குரல் மெலிவாகவும், இளி சமமாகவும், துத்தம் வலிவாகவும் ஒலிக்கின்றன. மாயவன், பலதேவன், நப்பின்னை என்னும் மூவர் பெயர் பெற்றோர் இம்மூவரே. குரலினின்று எண்ண ஐந்தாவது இளி. இளியினின்று எண்ண ஐந்தாவது மேல்தானத்துத் துத்தம். ஐந்தாம் இசை முதலிசைக்குக் கிளையாம் என்பர் முன்னோர். இரண்டிற்கும் உள்ள அதிர்வு விகிதம் 3க்கு 2 என்று பௌதிக நூலாரும் கூறுவர். அடுத்து விளரி மெலிவாக நின்று, துத்தமாகிய பின்னைக்கு நட்பாகப் பாட்டெடுக்கின்றாள். மெலிவு விளரியினின்று எண்ணத் துத்தம் நான்காவது; நான்காம் இசையே நட்பு. இவ்வண்ணம் கிளைமுறையிற் சென்றால் ச, ப, ரி, த, க என்னும் ஐந்தும் கிடைக்கும். இவ்வைந்தும் மோகன ராகத்தின் சுரங்களாம். முல்லைப்பண் மோகனமே என்பது இசையறிஞர் பலர் துணிபு. மாணவர் ஆர்மோனியப் பெட்டியில் இவற்றை வரிசையாக அழுத்திப் பார்ப்பாராயின், ஆய்ச்சியர் குரவையின் நிழலையேனும் செவியிற் பெறுவர்.

1892-இல் உ. வே. சாமிநாதையர் பழைய உரைகளோடு இந்நூலை அச்சிட்ட பின்னரே இவ்வாராய்ச்சி எளிதாயிற்று. திண்டுக்கலில் ஆசிரியப் பயிற்சி பெற்ற ஆபிரகாம் பண்டிதர் 1917-இல் வெளியிட்ட கருணாமிர்த சாகரமும், விபுலாநந்த அடிகள் 1947-இல் வெளியிட்ட யாழ்நூலும் இவ்வழியில் நமக்கு விளக்குகளாம்.

ஆயினும் ஒரு வினா எஞ்சுகின்றது. இவ்வளவு செம்மையான வழிபாடு பயன் தந்ததா? முந்திய காதையிலேயே கோவலன் கொலையுண்டான். அதனை அறியாத மகளிர், பாண்டியன் முரசம் வெற்றி முழங்குக என வாழ்த்திக் குரவையை முடிக்கின்றனர். அவர்கள் வாழ்த்திய அரசனே நீதி தவறியவன். குரவை முடிந்து வையையில் நீராடச் சென்ற மாதரியின் காலத்தில் கொலைச்செய்தி பாடியை எட்டுகின்றது. அடைக்கலமாகப் பெற்றவர்களைக் காவாது இழந்தேன் என்று வருந்தி, அவள் பின்னர் நள்ளிரவில் எரிபுகுந்து மாய்ந்தாள்.

இளங்கோவடிகள் அவ்வழிபாட்டை எள்ளி ஓரடியும் கூறவில்லை. அரசவையில் முறை குலைந்த வேளையில், எழுவர் ஆயர் மகளிர் தத்தம் நிலை வழுவாது நின்று முறையைக் காத்தனர் என்பதையே அடுத்தடுத்து வைத்துக் காட்டுகின்றார். ஓரிசை தன் இடம் பிறழினும் பண் கெடும். அரசன் தன் இடம் பிறழின் நாடு கெடும். ஏட்டில் இசைக்குறிப்பு இல்லாத அக்குரவையினின்று நாம் இன்றும் தெளிவாகக் கேட்கக்கூடியது இதுவேயாம்.